அகராதியில் இனவசைச் சொற்களையும் அவற்றின் ஒலியை ஒத்த சொற்களையும் எப்படிப் பதிவது?

சொற்பெட்டி:

கல்லூரி மாணவர்களுக்கான ஆங்கிலம்–தமிழ் அகராதிச் செயலி ஒன்று தயாராகிக்கொண்டிருக்கிறது. சுமார் 40,000 தலைச்சொற்கள். சரிபார்ப்பு நாலு இடத்தில் முட்டிக்கொண்டு நிற்கிறது. விவரம் தெரிந்தவர்கள் கைகொடுங்கள்.

முதலாவது, கெட்ட வார்த்தை வடிகட்டி ஒன்றைப் பட்டியல்மீது ஓட்டினோம். ‘நிகர்ட்லி’ (கஞ்சத்தனமான), ‘நிகிள்’ (உறுத்து, நச்சரி), ‘ஸ்னிகர்’ (நமுட்டுச் சிரிப்பு) மூன்றும் போய்விட்டன. திரும்பச் சேர்க்கத்தான் வேண்டும். ஆனால் எச்சரிக்கை ஏதும் போட வேண்டுமா?

இரண்டாவது, கறுப்பினத்தவர்மீது வீசப்படும் அந்த ஆங்கில வசைச்சொல். இங்கே ‘என்-சொல்’ என்றே எழுதுகிறேன். எங்கள் வரைவில் ‘நீக்ரோ, கறுப்பர்’ என்று பொருள் கொடுத்து, கடைசியில் ‘இழிவழக்கு’ என்று போட்டிருக்கிறது. போதுமா?

மூன்றாவது, ஆங்கிலத்தில் உள்ள ‘கூலி’. நம்மூர்ச் சொல்தானே என்று ‘கூலியாள், சுமைதூக்குபவர்’ என்று எழுதிவிட்டோம். அது வசை என்று ஒருவர் குறிப்பு அனுப்பியிருக்கிறார்.

நான்காவது, ஆங்கில அகராதிகளில் ‘டெராகடரி’, ‘அஃபென்சிவ்’ என இரண்டு முத்திரைகள் உண்டு. நாங்கள் இரண்டையும் ‘இழிவழக்கு’ என்றே வைத்திருக்கிறோம். பிரிக்க வேண்டுமா?

வேர்முடிச்சு:

முதல் கேள்விக்கு மட்டும் சொல்கிறேன்.

‘நிகர்ட்லி’க்கும் என்-சொல்லுக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ‘நிகர்ட்’ என்றால் கஞ்சன். 14-ஆம் நூற்றாண்டில் சாஸர் எழுதியதிலேயே இருக்கிறது. கருமித்தனத்தைக் குறிக்கும் ஒரு பழைய நார்ஸ் சொல்லின் கிளை என்பது அகராதிக்காரர்களின் முடிவு. என்-சொல் வந்த வழி வேறு. லத்தீனில் கறுப்பு நிறத்துக்கு ‘நிகெர்’ என்று பெயர். அது ஸ்பானிய, பிரெஞ்சு மொழிகள் வழியாக 16-ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்கு வந்தது.

இதில் ஒரு வேடிக்கை. ‘டெனிகிரேட்’ (இழித்துப் பேசு) என்ற சொல் உங்கள் வடிகட்டியில் மாட்டியிருக்காது. ஆனால் அதுதான் அதே ‘நிகெர்’ வேரிலிருந்து வந்தது. நேர்ப் பொருள் ‘கறுப்பாக்கு’. நாம் சொல்லும் ‘கரி பூசு’ அதற்கு அச்சொட்டாகப் பொருந்தும். வேரில் உறவுள்ள சொல்லைக் கேட்டுப் பெரும்பாலோர் முகம் சுளிப்பதில்லை. உறவே இல்லாத சொல் வேலைக்கு உலை வைக்கிறது. அதனால் முத்திரை குத்தும்போது வேரையும் பார்க்காதீர்கள், எழுத்தையும் பார்க்காதீர்கள். இன்று யார், யாரைப் பார்த்து, எந்தத் தொனியில் சொல்கிறார்கள் என்பதை மட்டும் பாருங்கள்.

வேலைக்கு உலை என்றது மிகையில்லை. 1999 ஜனவரியில் வாஷிங்டன் மேயர் அந்தோணி வில்லியம்ஸின் உதவியாளர் டேவிட் ஹோவர்ட், நிதி ஒதுக்கீடு பற்றிய பேச்சில் ‘நிகர்ட்லி’ என்றார். கேட்டவர் தவறாக எடுத்துக்கொள்ள, விஷயம் பரவி, பத்து நாளில் ஹோவர்ட் பதவி விலகினார். விலகலை ஏற்றுக்கொண்டதைக் கறுப்பினத்தவர் உரிமைக்கான என்ஏஏசிபி அமைப்பின் தலைவர் ஜூலியன் பாண்ட் அவர்களே கண்டித்தார். பிறகு ஹோவர்டை மேயர் திரும்ப அழைத்துக்கொண்டார். சொல்மீது குற்றமில்லை என்று ஊருக்கே தெரிந்தது. அப்படியும் அதற்குப் பிறகு அமெரிக்க மேடைகளில் அந்தச் சொல்லைத் துணிந்து எடுப்பவர்கள் குறைவு.

ஆகவே ‘நிகர்ட்லி’க்கு இழிவு முத்திரை கூடாது, குறிப்பு மட்டும் வேண்டும். பொருளைச் சொன்ன பிறகு, இரண்டு வரிக்கு மேல் போகாமல்: ‘இனவசை ஒன்றோடு ஒலி ஒத்திருப்பதால் பேச்சில் தவறாகக் கேட்கப்படும். ஸ்டிஞ்ஜி, மைசர்லி என்பவை பாதுகாப்பானவை.’ பொருளுக்கு முன்னால் சிவப்பில் போட்டால், அதுவே வசை என்று மாணவர் நினைத்துக்கொள்வார்.

‘நிகிள்’ சொல்லுக்குக் குறிப்பே வேண்டாம். ‘ஸ்னிகர்’ சொல்லுக்கு ‘அமெரிக்க வழக்கில் ஸ்னிக்கர்’ என்ற ஒரு வரி போதும். பார்க்கும் சொல்லுக்கெல்லாம் எச்சரிக்கை போட்டால் கடைசியில் எந்த எச்சரிக்கையையும் யாரும் படிக்க மாட்டார்கள்.

ஒலி மட்டுமல்லாமல் எழுத்தும் முழுக்க ஒன்றாக இருப்பவை வேறு ரகம். ‘சிங்க்’ என்றால் விரிசல், இடுக்கு. 16-ஆம் நூற்றாண்டுச் சொல். அதே எழுத்தில் சீனர்களுக்கு எதிரான வசை ஒன்று 19-ஆம் நூற்றாண்டில் வந்து சேர்ந்தது. இவற்றை ஒரே தலைச்சொல்லின் கீழ் 1, 2 என்று பொருள்களாக அடுக்காதீர்கள். தலைச்சொல்லையே இரண்டாகப் பிரித்து மேலே சிறு எண் போடுங்கள். பொருள் வேற்றுமையாகக் காட்டினால் ‘விரிசல்’ என்பதிலிருந்து வசை கிளைத்தது போலத் தோன்றும். கவசத்தில் விரிசல் என்ற மரபுத்தொடர் முதல் தலைச்சொல்லின் கீழ் வரும். அங்கே ஒரு குறிப்பு அவசியம். 2012 பிப்ரவரியில், தைவான் வம்சாவளிக் கூடைப்பந்து வீரர் ஜெரமி லின் பற்றிய செய்திக்கு ஈஎஸ்பிஎன் விளையாட்டுச் செய்தி நிறுவனத்தின் கைபேசித் தளத்தில் இந்தத் தொடரைத் தலைப்பாக வைத்தவர் வேலையை இழந்தார். தொடரில் பிழையில்லை, யாரைப் பற்றிச் சொன்னார்கள் என்பதில்தான் பிழை.

எதற்குவம்பு:

இவ்வளவு மெனக்கெடணுமா? வசைகளை மொத்தமா தூக்கிட்டா வேலை முடிஞ்சுது. மாணவர் செயலிதானே.

பதிப்புமேசை:

எதற்குவம்பு, பத்து வயதுப் பிள்ளைகளுக்கான அகராதி என்றால் நீங்கள் சொல்வதுதான் சரி. கல்லூரி மாணவர் அப்படியல்ல. படத்தில் கேட்பார், நாவலில் படிப்பார், வெளிநாட்டில் அவரையே பார்த்து ஒருவர் சொல்லக்கூடும். தேடும்போது கிடைக்காவிட்டால், இன்னொரு தளத்தில் எச்சரிக்கை இல்லாத பொருளைப் படித்துக்கொள்வார்.

சொல் நீக்கத்துக்கு நல்ல உதாரணம் எழுத்துகளைக் கோத்துச் சொல் அமைக்கும் ஸ்கிராபிள் விளையாட்டு. வர்ஜீனியாவில் எழுந்த ஒரு புகாரையடுத்து 1990-களின் நடுவில் வீட்டு ஆட்டத்துக்கான அகராதியிலிருந்து வசைகளை எடுத்தார்கள். போட்டிகளுக்கான தனிப்பட்டியலில் விட்டுவைத்தார்கள். 2020-ல் வட அமெரிக்கப் போட்டிப் பட்டியலிலிருந்தும் போயின. மறு ஆண்டு, பிற நாடுகளில் ஸ்கிராபிளை விற்கும் மேட்டல் நிறுவனமும் தன் பட்டியலில் ஏறத்தாழ 400 சொற்களை நீக்கியது. அங்கே அது சரி. விளையாட்டில் சொல்லுக்குப் பொருள் கிடையாது, மதிப்பெண்தான். குறிப்பு எழுத இடமும் கிடையாது. அகராதியில் இடம் இருக்கிறது.

இனி இரண்டாவது கேள்வி. சொற்பெட்டி, உங்கள் வரைவில் உள்ள குறைதான் 1997-ல் அமெரிக்க அகராதிப் பதிப்பகமான மெரியம்-வெப்ஸ்டருக்கு எதிராகக் கிளம்பியது. அவர்களுடைய கல்லூரி அகராதியின் பத்தாம் பதிப்பில் (1993) என்-சொல்லுக்கு முதல் பொருள் ‘ஒரு கறுப்பினத்தவர்’. அதன் பின்னால் ஒரு கோடிட்டு, பொதுவாகப் புண்படுத்துவதாகக் கொள்ளப்படும் என்று இருந்தது. கீழே தனிப் பத்தியாக நீண்ட வழக்குக் குறிப்பும் உண்டு. ஆக, எச்சரிக்கை இல்லாமல் இல்லை. மிச்சிகனில் தொடங்கிய கையெழுத்து இயக்கம் கேட்ட கேள்வி வேறு: ‘அந்தச் சொல்லுக்குப் பொருள் கறுப்பினத்தவர் என்றால், கறுப்பினத்தவர் என்றாலும் அந்தச் சொல்தானே?’ என்ஏஏசிபியும் சேர்ந்துகொள்ள, பதிப்பகம் இத்தகைய சொற்களின் பதிவு முறையை மாற்ற வேண்டியதாயிற்று.

அகராதிக்கலையில் இதற்கு அடிப்படை உண்டு. பொருள் வரையறை என்றால் சொல்லை எடுத்துவிட்டு அந்த இடத்தில் அதை வைத்தால் வாக்கியம் நிற்க வேண்டும் என்பது பொது விதி. ‘மேசை’, ‘ஓடு’ போன்றவற்றுக்கு இது பொருந்தும். வசைக்குப் பொருந்தாது. வசையின் பொருள் அது சுட்டும் ஆளிடம் இல்லை. அந்த ஆளை என்ன செய்கிறது என்பதில் இருக்கிறது. அதனால் இப்போது ஆங்கில அகராதிகள் ‘இன்னாரை இழிவுபடுத்தப் பயன்படுத்தப்படும் சொல்’ என்ற வாய்பாட்டில் எழுதுகின்றன. மெரியம்-வெப்ஸ்டரின் இணையப் பதிவும் இன்று அப்படித்தான்.

தமிழில் இதைச் செய்வது இன்னும் எளிது. ‘ஏசு’, ‘இழிவுபடுத்து’ என்ற வினைகளை வைத்தே வரையறை எழுதலாம். ஆனால் நமக்கு ஒரு கூடுதல் பொறி உண்டு. இருமொழி அகராதியில் மாணவர் தேடுவது வரையறையை இல்லை, நிகர்ச்சொல்லை. காற்புள்ளி போட்டு ‘நீக்ரோ, கறுப்பர்’ என்று எழுதினால் அப்படியே எடுத்து மொழிபெயர்ப்பில் போட்டுவிடுவார். எனவே வசைச்சொற்களுக்கு நிகர்ச்சொல் கட்டத்தையே காலியாக விடுங்கள்.

‘நீக்ரோ’ தனிக் கதை. அது வசையாகப் பிறந்ததில்லை. 1960-களின் நடுப்பகுதிவரை கறுப்பினத் தலைவர்களே மேடையில் சொன்ன சொல். 1944-ல் தொடங்கிய யுனைட்டெட் நீக்ரோ காலேஜ் ஃபண்ட் இன்றும் அதே பெயரில்தான் இருக்கிறது. ஆனால் அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்புத் துறை தன் படிவங்களிலிருந்து அதை எடுப்பதாக 2013-ல் அறிவித்தது. 2016-ல் கூட்டாட்சிச் சட்டங்களின் வாசகத்திலிருந்தும் எடுத்தார்கள். இதற்கு ‘பழைய வழக்கு, இன்று ஒருவரைக் குறிக்கச் சொன்னால் புண்படுத்தும்’ என்று போடுங்கள். தமிழ்ப் பத்தியின் உள்ளே எங்கேயும் விளக்கச் சொல்லாக நீங்களே அதைப் பயன்படுத்தாதீர்கள். வேறு எந்தெந்தப் பதிவுகளின் பொருள் பகுதியில் ‘நீக்ரோ’ ஒளிந்திருக்கிறது என்று ஒரு முறை முழுத் தேடல் ஓட்டுங்கள். கூந்தல், இசை, நடனம், அடிமை முறை சார்ந்த பதிவுகளில் கட்டாயம் சிக்கும்.

பதிவின் உள் வரிசை இப்படி இருக்கட்டும்: தலைச்சொல், உடனே முத்திரை, அப்புறம் ‘இழிவுபடுத்தும் சொல்’ வாய்பாட்டில் வரையறை, பின் ஒரு வரி வழக்குக் குறிப்பு, கடைசியில் ‘பொதுச்சொல்லுக்குப் பார்க்க’ என்று நல்ல சொல்லுக்கு ஒரு சுட்டு. சுட்டு ஒருவழிப் பாதை. ‘பிளாக்’ பதிவிலிருந்து என்-சொல்லுக்குச் சுட்டு போகக் கூடாது. ஒத்தசொல் பட்டியலைத் தானாகத் தயாரிக்கும் நிரல் இருந்தால் இங்கேதான் சறுக்கும். 1996-ல் மைக்ரோசாஃப்ட் வேர்டின் ஸ்பானிய ஒத்தசொல் கோப்பு பழங்குடியினரைக் குறிக்கும் சொல்லுக்குக் ‘காட்டுமிராண்டி’ என்ற பொருளுள்ள சொற்களை எடுத்துக்கொடுத்தது. மெக்சிகோவில் பெரும் எதிர்ப்பு. நிறுவனம் மன்னிப்புக் கேட்டுக் கோப்பைத் திருத்தியது.

எடுத்துக்காட்டு வாக்கியம் வேண்டவே வேண்டாம். இணையத்திலிருந்து தானாக வாக்கியம் இழுக்கும் வசதி இருந்தால், இந்த முத்திரையுள்ள பதிவுகளுக்கு அதை அணைத்துவிடுங்கள். ஒலிப்புப் பொத்தானையும்தான். வகுப்பறையில் கைபேசி உரக்கச் சொன்னால் என்ன ஆகும் என்று யோசியுங்கள்.

நான்காவது கேள்வி: கட்டாயம் பிரிக்க வேண்டும். ‘டெராகடரி’ சொல்பவரின் நோக்கத்தைக் காட்டுவது. மட்டம் தட்டத்தான் சொல்கிறார். ‘அஃபென்சிவ்’ கேட்பவரின் பக்கம் நின்று பேசுவது. சொன்னவர் வெள்ளை மனத்தோடு சொல்லியிருந்தாலும் புண்படும். முதலாவதற்கு ‘இழித்துரை’, இரண்டாவதற்கு ‘புண்படுத்தும்’ என்று வைக்கலாம். என்-சொல்லுக்கு இரண்டும் உண்டு. ‘நீக்ரோ’வுக்கு இரண்டாவது மட்டும். மூன்றாவதாக ‘கடும் வசை’ என்று ஒன்றையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ‘முட்டாள்’ என்பதற்கும் இழித்துரை, இனவசைக்கும் இழித்துரை என்றால் மாணவருக்கு அளவு தெரியாமல் போகும்.

இன்னொன்று. ஆக்ஸ்ஃபோர்டு பேரகராதியின் முதல் பதிப்பு 1928-ல் முடிந்தபோது, பாலுறவு பற்றிய இரண்டு நாலெழுத்துச் சொற்களைச் சேர்க்காமல் விட்டார்கள். அவை உள்ளே வர 1972 துணைத்தொகுதிவரை காத்திருந்தன. இனவசைகள் எந்தத் தடையும் இல்லாமல் முதலிலேயே ஏறிவிட்டன. எது கூசும் என்பது காலத்துக்குக் காலம் மாறுகிறது. உங்கள் முத்திரைகளுக்குப் பக்கத்தில் திருத்திய ஆண்டையும் தரவுத்தளத்தில் ஒரு கட்டமாக வைத்துக்கொள்ளுங்கள். பயனருக்குத் தெரிய வேண்டியதில்லை.

கரும்புத்தோட்டம்:

மூன்றாவது கேள்விக்கு வருகிறேன். இதில் நம் காதே நமக்கு எதிரி.

தமிழில் ‘கூலி’ என்றால் உழைப்புக்குக் கிடைக்கும் ஊதியம். ‘கூலி உயர்வு’ என்று சுவரொட்டி அடிக்கிறோம், ‘கூலிக்குப் போனேன்’ என்கிறோம். கூச்சமே இல்லாத சொல். ஆங்கிலத்தில் உள்ள ‘கூலி’ காசைக் குறிப்பதில்லை, ஆளைக் குறிப்பது. அது தமிழ்க் கூலியிலிருந்து போனதா, குஜராத்தின் கோலி மக்களின் பெயரிலிருந்து போனதா என்று இரண்டு கருத்துகள். 1886-ல் வந்த ஆங்கிலோ-இந்தியச் சொல் அகராதியான ஹாப்சன்-ஜாப்சன் இரண்டையும் எடுத்துப் பேசுகிறது. எங்கிருந்து போயிருந்தாலும், கப்பலேறிப் போன இடத்தில் அது இனப்பெயராக மாறிவிட்டது. 1860 நவம்பர் 16-ஆம் தேதி சென்னையிலிருந்து ‘ட்ரூரோ’ கப்பல் இன்றைய தென்னாப்பிரிக்காவின் நேட்டால் பகுதியிலுள்ள டர்பன் துறைமுகத்தை அடைந்தது. 1911-ல் ஒப்பந்தக் கூலிமுறை நிற்கும்வரை ஏறத்தாழ 1,52,000 பேர் நேட்டாலுக்குப் போனார்கள். அங்கே கரும்பு வெட்டியவர் மட்டும் ‘கூலி’ ஆகவில்லை. கடைக்காரர், எழுத்தர் எல்லோருமே ‘கூலி’. காந்தியைக் ‘கூலி பாரிஸ்டர்’ என்றார்கள். தென்னாப்பிரிக்காவிலும் கயானா, டிரினிடாட் பக்கமும் இன்றைக்கும் அது இந்திய வம்சாவளியினரைக் குத்தும் சொல்.

இன்னொன்று ‘சாமி’. இராமசாமி, முனிசாமி என்று கேட்டுக் கேட்டு வெள்ளையர்கள் தமிழர்களையெல்லாம் ‘சாமி’ என்று கூப்பிட்டார்கள். ‘சாமி என்றால் எஜமான் என்று பொருள், நான் உன் எஜமான் இல்லையே’ என்று சிலர் திருப்பிக் கொடுத்ததைக் காந்தி தன் சுயசரிதையில் எழுதியிருக்கிறார். நாம் கோயிலில் கும்பிடும் சொல், டர்பனில் வசை. தமிழ்ச் செவிக்கு அது வசையாகவே கேட்காது என்பதுதான் அகராதிக்காரர் கவனிக்க வேண்டிய இடம்.

ஆகவே ஆங்கிலக் ‘கூலி’ பதிவை இரண்டாகப் பிரியுங்கள். ஒன்று, ‘வரலாற்று வழக்கு: 19-ஆம் நூற்றாண்டில் ஆசியாவிலிருந்து ஒப்பந்தத்தில் கொண்டுசெல்லப்பட்ட தொழிலாளர்’. இரண்டு, ‘புண்படுத்தும்: இந்திய, சீன வம்சாவளியினரை இழிவுபடுத்தச் சொல்வது’. முடிவில், ‘தமிழ்க் கூலி என்பதன் நிகர்ச்சொல் அன்று, அதற்கு வேஜ், வேஜஸ் பார்க்க’ என்ற குறிப்பு. தமிழ்–ஆங்கிலப் பகுதியும் செயலியில் இருந்தால் அங்கேதான் பெரிய ஆபத்து. ‘கூலியாள்’ என்று தேடுபவருக்கு ஆங்கிலக் ‘கூலி’ வந்து நிற்கக் கூடாது; ‘லேபரர்’, ‘போர்ட்டர்’ போதும்.

‘பரையா’ பதிவையும் பாருங்கள். ஆங்கிலத்தில் ஒதுக்கப்பட்டவர், ஒதுக்கப்பட்ட நாடு என்று பத்திரிகைகள் சாதாரணமாக எழுதுகின்றன. அது பறையர் என்ற பெயர். பறை என்பது முரசு. உயிரோடு இருக்கும் ஒரு சமூகத்தின் பெயரையே ‘தீண்டத்தகாத’ என்பதற்கு உவமையாக்கி வைத்திருக்கிறது ஆங்கிலம். ஆங்கில அகராதிகள் சொற்பிறப்பில் முரசைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகின்றன. தமிழ் மாணவருக்கு எழுதும் அகராதி அப்படி நகர முடியாது. ‘தமிழ்நாட்டுச் சமூகம் ஒன்றின் பெயரிலிருந்து வந்தது, புண்படுத்தும் எனப் பலர் தவிர்ப்பர், அவுட்காஸ்ட் பார்க்க’ என்று எழுதுங்கள்.

நிரலன்:

வடிகட்டி பற்றி. நீங்கள் ஓட்டியது உட்சரத் தேடல் என்று பார்த்தாலே தெரிகிறது. சொல்லின் நடுவில் எங்கே அந்த எழுத்துக்கோவை இருந்தாலும் வெட்டும். 1996-ல் இணையச் சேவை நிறுவனமான ஏஓஎல்லின் வடிகட்டி இங்கிலாந்தின் ஸ்கன்தோர்ப் ஊர்க்காரர்களைக் கணக்குத் தொடங்க விடாமல் செய்தது இதே முறையால்தான். ஊர்ப் பெயருக்குள் ஒரு கெட்ட வார்த்தை ஒளிந்திருக்கிறது. அகராதிக்கு வடிகட்டியே தேவையில்லை. முழுச்சொல் பட்டியல் ஒன்றைக் கையால் தயாரித்து, அந்தப் பதிவுகளின் எண்ணில் ஒரு கொடி (நிரலுக்கான அடையாளக் குறி) ஏற்றுங்கள். ஒவ்வொன்றுக்கும் பன்மை, மாற்று எழுத்து வடிவம் ஆகியவற்றையும் சேருங்கள். பட்டியல் சில நூறைத் தாண்டாது.

உண்மையான தொல்லை தேடல் பெட்டியில் இருக்கிறது. ‘இதைத் தேடினீர்களா?’ என்று காட்டும் பகுதி எழுத்துத் தொலைவை, அதாவது எத்தனை எழுத்து மாறினால் ஒரு சொல் இன்னொன்றாகும் என்ற கணக்கை, வைத்து வேலை செய்யும். ‘நைஜர்’ நாட்டின் ஆங்கில எழுத்துக்கும் என்-சொல்லுக்கும் தொலைவு ஒன்று; ஒரு ‘ஜி’ கூடினால் போதும். ‘ஸ்னிகர்’ என்பதும் அப்படியே. முதல் ‘எஸ்’ விழுந்தால் போதும். ஒலிக்குறி முறையான சவுண்டெக்ஸ் இன்னும் மோசம். ‘நைஜர்’, என்-சொல் இரண்டுக்கும் குறியீடு என்260. ‘நிகர்ட்’ என்263. தாவரவியல் மாணவர் ‘ஆஸ்பர்ஜில்லஸ் நைஜர்’ என்ற பூஞ்சைப் பெயரைத் தப்பாகத் தட்டினால் என்ன பரிந்துரை வரும் என்று பாருங்கள்.

தீர்வு: கொடி ஏறிய சொற்கள் தானியங்கி நிறைவிலும் பரிந்துரையிலும் ஒருபோதும் வரக் கூடாது. முழுச் சொல்லையும் எழுத்துப் பிசகாமல் தட்டினால் மட்டும் பதிவு திறக்க வேண்டும். ‘இன்றைய சொல்’, சொல் விளையாட்டு, அறிவிப்பு மூன்றிலிருந்தும் அதே கொடியை வைத்து விலக்குங்கள். ‘நிகர்ட்லி’க்கு இந்தக் கொடி வேண்டாம், ‘இன்றைய சொல்’ விலக்கு மட்டும் போதும். கைபேசித் திரையில் குறிப்பு இல்லாமல் தலைச்சொல் மட்டும் துள்ளி வருவது நல்லதில்லை.

தமிழுக்கே உரிய ஒரு வம்பும் இருக்கிறது. தமிழ் எழுத்தில் ஆங்கில ‘கே’, ‘ஜி’ எழுத்துகளின் ககர ஒலிகளுக்குத் தனித்தனி வரிவடிவம் இல்லை. ஆங்கிலச் சொற்களைத் தமிழில் தட்டித் தேடும் வசதி உங்கள் செயலியில் இருந்தால், ‘நிக்கர்’ என்று தட்டுபவர் அரைக்கால்சட்டையைத் தேடுகிறார். என்-சொல்லைத் தமிழில் பெயர்த்தாலும் அதே ‘நிக்கர்’தான் வரும். ரோமன் எழுத்தில் தமிழைத் தட்டுபவர் ‘நிகர்’, ‘நிகரற்ற’, ‘நிகர லாபம்’ என்று எழுதும்போதும் மாட்டும். கொடி ஏறிய பதிவுகளுக்குத் தமிழ் ஒலிபெயர்ப்புச் சாவியையே உருவாக்காதீர்கள். அதோடு தீர்ந்தது.

வேர்முடிச்சு:

நிரலன் சொன்ன ‘நிக்கர்’ அருமை. அது ஆங்கில ‘நிக்கர்பாக்கர்’ வழிவந்த காற்சட்டைச் சொல். வசைக்கு அதில் பங்கே இல்லை.

புத்தளத்தான்:

இலங்கைப் பக்கத்திலிருந்து இரண்டு சங்கதி.

‘காஃபிர்’ எண்ட சொல்லை எப்படிப் போடப் போறீங்கள்? அரபியில் அது இறைமறுப்பாளர். முஸ்லிம் தமிழ் நூல்களில் அந்தப் பொருளில் வரும். தென்னாப்பிரிக்காவில் அது கறுப்பின மக்கள்மேல் எறியிற ஆகக் கொடிய வசை. பேசவே மாட்டினம், ‘கே-சொல்’ எண்டுதான் எழுதுவினம். அந்தச் சொல்லைப் பாவிச்ச வருவாய்த்துறை ஊழியர் ஒருவரைத் திருப்பி வேலைக்கு எடுக்கச் சொன்ன உத்தரவை 2016-ல் அந்த நாட்டு அரசமைப்பு நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. ஆனால் இலங்கையில் புத்தளத்துக்குக் கிட்ட சிறம்பியடியில் இருக்கிற ஆபிரிக்க வம்சாவளிச் சனம் தங்களுக்கு வைச்சிருக்கிற பெயரே அதுதான். தமிழில் காப்பிரி. போர்த்துக்கேயர், ஒல்லாந்தர், ஆங்கிலேயர் காலத்தில் கொண்டுவரப்பட்டவையின்ர வழி வந்தவை. அதனால் முத்திரையில் இடப்பெயர் கட்டாயம் வேணும்: ‘தென்னாப்பிரிக்கா: கடும் வசை’, ‘இலங்கை: ஒரு சமூகத்தின் பெயர்’. பொத்தாம் பொதுவாக ‘இழிவு’ எண்டு போட்டால் அந்தச் சனத்தின்ர பெயரை நீங்களே வசையாக்கிப் போடுவியள்.

மற்றது, தமிழ்–ஆங்கிலப் பகுதிக்கு. ‘தோட்டக்காரர்’ பூந்தோட்டம் பார்ப்பவர். ‘தோட்டக்காட்டான்’ மலையகத் தமிழரை ஏசிற சொல். அகரவரிசையில் ரெண்டும் பக்கத்துப் பக்கத்தில் வரும். ரெண்டுக்கும் ‘கார்டனர்’, ‘எஸ்டேட் வொர்க்கர்’ எண்டு போட்டுப் போனால் கதை கந்தல்.

பதிப்புமேசை:

புத்தளத்தான் தமிழ்ப் பக்கத்தைத் தொட்டதால் ஒன்று. தமிழில் வசை பெரும்பாலும் தனிச்சொல்லில் இல்லை, விகுதியில் இருக்கிறது. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன் (1924–1936) சமூகப் பெயர்களை ‘-ன்’ விகுதியில் தலைச்சொல்லாக வைத்தது. அன்றைய இலக்கண மரபு அது. இன்று அதைப் பார்த்து அப்படியே படியெடுத்தால் பல பதிவுகளில் வசையை அச்சடித்த மாதிரி. தலைச்சொல் ‘-ர்’ விகுதியில் இருக்கட்டும். பழைய வடிவத்தைத் தேடினால் அங்கே திருப்பிவிடுங்கள்.

‘துலுக்கன்’ இந்த இழைக்கே பொருத்தமான சொல். துருக்கர் என்பதிலிருந்து வந்தது. கல்வெட்டுகளிலும் பழைய இலக்கியத்திலும் சாதாரண இனப்பெயர். இன்று முஸ்லிம்களை நோக்கிச் சொன்னால் வசை. ஆனால் திருவரங்கத்துத் துலுக்க நாச்சியார் வழிபாட்டுக்குரியவர். துலுக்கச் செவ்வந்தி ஒரு பூ. வேர் ஒன்றே, ஒலி ஒன்றே, முத்திரை ஒரு பதிவுக்கு மட்டும். குடும்பத்தோடு சேர்த்துக் கொடி ஏற்றிவிடாதீர்கள்.

சொற்பெட்டி:

எல்லோருக்கும் நன்றி. திருத்திய மாதிரிப் பதிவுகள் இரண்டு. பார்த்துச் சொல்லுங்கள்.

என்-சொல் — கடும் வசை, இழித்துரை, புண்படுத்தும். கறுப்பினத்தவரை இழிவுபடுத்தச் சொல்லப்படும் ஆங்கில வசைகளில் மிகக் கொடியது. கறுப்பினத்தவர் சிலர் தங்களுக்குள் வேறு தொனியில் சொல்வதுண்டு. பிறர் அதைப் பின்பற்றக் கூடாது. பொதுச்சொல்லுக்கு ‘பிளாக்’ பார்க்க.

நிகர்ட்லி — கஞ்சத்தனமான, அற்பசொற்பமான. புண்படுத்தும். இனவசை ஒன்றோடு ஒலி ஒத்திருப்பதால் தவறாகக் கேட்கப்படும்.

பதிப்புமேசை:

முதல் பதிவில் ‘கூடாது’ என்ற கட்டளையை எடுத்துவிடுங்கள். ‘பிறர் சொன்னால் வசையாகவே கொள்ளப்படும்’ என்று நடப்பைச் சொன்னால் போதும்; புத்தி சொல்வது அகராதியின் வேலையில்லை. இரண்டாவதில் ‘புண்படுத்தும்’ முத்திரை எப்படி நுழைந்தது? படியெடுத்து ஒட்டும்போது வந்திருக்கும் என்று நினைக்கிறேன். அதை நீக்குங்கள், குறிப்பு மட்டும் இருக்கட்டும். ‘அற்பசொற்பமான’ நல்ல மொழிபெயர்ப்பு. அதை முதலில் வையுங்கள். தொகை, ஒதுக்கீடு பற்றிய வாக்கியங்களுக்கு அதுதான் சரியாக உட்காரும்.